நெல்லைச் சீமையில் ஹெதர்: தொட்டியிலும் பாத்தியிலும் வளர்ப்போர் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

திருநெல்வேலி, தென்காசி, தூத்துக்குடி மாவட்டங்களில் மாடியிலும் முற்றத்திலும் பூச்செடி வளர்ப்பவர்கள் ஹெதரைப் பற்றிக் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே விடை தரப்பட்டுள்ளது. குளிர்நாட்டுத் தோட்டக் குறிப்புகளை அப்படியே நம்பி நம் வெயிலில் நட்டவர்கள் ஏமாந்ததே மிகுதி என்பதால், இம்மாவட்டங்களின் மண்ணையும் தண்ணீரையும் மனத்தில் கொண்டே விடைகள் எழுதப்பட்டுள்ளன.

ஹெதர் திருநெல்வேலியில் வளருமா?

எந்த ஹெதர் என்பதைப் பொறுத்தது. இப்பெயரில் இருவேறு செடிகள் பேசப்படுகின்றன. முதலாவது, ஐரோப்பாவின் குளிர்ந்த மேட்டுநிலங்களுக்கு உரிய கலூனா வல்காரிஸும் அதன் உறவான எரிகா இனங்களும். இரண்டாவது, மெக்சிகோ, குவாத்தமாலா, ஹோண்டுராஸ் ஆகிய நாடுகளைத் தாயகமாகக் கொண்ட குஃபியா ஹிசோபிஃபோலியா; இதையே நாற்றுப் பண்ணைகளில் மெக்சிகன் ஹெதர் என்றும் குஃபியா என்றும் சொல்லி விற்கிறார்கள். முதலாவதை நம் சமவெளியில் நிலைக்க வைக்க முடியாது. இரண்டாவதோ இங்கே ஆண்டு முழுவதும் பூக்கும். இவ்விரண்டுக்கும் தாவரவியல் உறவு ஏதும் கிடையாது என்பதையும் சொல்லிவிட வேண்டும்: மெக்சிகன் ஹெதர் நம் மருதாணியும் மாதுளையும் பூமருதும் அடங்கிய குடும்பத்தைச் சேர்ந்தது.

ஐரோப்பிய ஹெதரை நிழல்வலைக்குள் வைத்து, அன்றாடம் நீர் தெளித்துக் காப்பாற்ற முடியாதா?

சில வாரங்கள் காப்பாற்றலாம். அதற்குமேல் எதிர்பார்க்க வேண்டாம். வெயில் மட்டுமே தடையாக இருந்தால் நிழல்வலை போதுமானதாக இருக்கும். ஆனால் அச்செடிக்கு இரவும் குளிர்ந்திருக்க வேண்டும். பாளையங்கோட்டையில் கத்திரி வெயில் நாட்களில் பகல் 38 டிகிரியைத் தாண்டுவது வழக்கமென்றால், இரவும் 25 டிகிரிக்குக் கீழே இறங்க மறுக்கிறது. இரண்டாவது தடை மண். கலூனாவின் மயிரிழை போன்ற வேர்கள், அமிலத் தன்மையுள்ள மண்ணில் வாழும் ஒருவகைப் பூஞ்சையோடு கூட்டுச் சேர்ந்துதான் சத்தை உறிஞ்சுகின்றன, மண்ணின் பி.எச். அளவு ஏறத்தாழ 4.5 முதல் 6 வரை இருக்கும்போதுதான் அக்கூட்டு வாழ்வு நன்கு நடக்கிறது. சுண்ணாம்பு கலந்த மண்ணிலும் நீரிலும் இரும்புச் சத்து வேருக்குக் கிட்டாத வடிவத்துக்கு மாறிவிடுவதால் செடி வெளுத்து மடிகிறது. ஆல்ப்ஸ் மலைப் பகுதிக்குரிய எரிகா கார்னியா சுண்ணாம்பைச் சற்றுப் பொறுத்துக்கொள்ளும் என்பது உண்மையே, ஆனால் அது நம் வெப்பத்தைப் பொறுக்காது.

தமிழ்நாட்டில் இச்செடிக்குச் சற்றேனும் ஒத்துவரும் இடம் என்றால் உதகையும் கொடைக்கானலும்தான். அதன் குடும்பத்தைச் சேர்ந்த ரோடோடென்ட்ரான் மரம் நீலகிரியின் சோலைக் காடுகளை ஒட்டி இயற்கையாகவே சிவப்பாகப் பூத்து நிற்பது அதற்குச் சான்று. மாடித் தோட்டத்துக்காக இணையத்தில் ஹெதர் விதைப் பொட்டலம் வாங்குவதை நான் பரிந்துரைக்க மாட்டேன். தூசி போன்ற அவ்விதை நம் வெப்பத்தில் முளைத்தாலும் நாற்றாக நிமிர்வது அரிது.

வாங்கும் செடி எந்த வகை என்பதை எப்படி அறிவது?

இலையைப் பாருங்கள். ஐரோப்பிய ஹெதரின் இலைகள் செதில்களைப் போல மிகச் சிறியவை. தண்டோடு ஒட்டி நான்கு வரிசையாக அடுக்கப்பட்டிருக்கும். மெக்சிகன் ஹெதரின் இலை ஒன்று முதல் இரண்டரை சென்டிமீட்டர் வரை நீண்டு, குறுகலாகவும் பளபளப்பாகவும் இருக்கும். பூவில் ஆறு சிறிய இதழ்கள் ஊதா, இளஞ்சிவப்பு அல்லது வெள்ளை நிறத்தில் விரிந்திருக்கும். திருநெல்வேலியில் உங்கள் கைக்கு வருவது அநேகமாக இரண்டாவதுதான். இனி வரும் விடைகள் யாவும் அதைப் பற்றியவை.

செடி வாங்கும்போது பூவின் எண்ணிக்கையைக் காட்டிலும் அடித்தண்டைக் கவனிப்பது நல்லது. அடிவரை இலை மூடியிருக்கும் குட்டையான செடியே மேல். வேர்ப்பகுதி பிசுபிசுப்பான களிமண் உருண்டையாக இருந்தால், நடுவதற்கு முன் அரைமணி நேரம் நீரில் ஊறவைத்து, ஓரங்களில் உள்ள களியை விரலால் மெதுவாக உதிர்த்துவிட வேண்டும். இல்லாவிட்டால் சுற்றியுள்ள புதுமண் ஈரமாக இருக்கும்போதே அந்த உருண்டை மட்டும் கல்லாக இறுகி, உள்ளே வேர் காய்ந்துபோகும்.

எவ்வளவு வெயில் தேவை?

பூ நிறைய வேண்டுமானால் நாளொன்றுக்கு ஐந்து, ஆறு மணி நேர நேரடி வெயில் வேண்டும். கிழக்குப் பார்த்த முற்றமோ, பிற்பகலில் சுவரின் நிழல் விழும் மாடிப் பகுதியோ மிகப் பொருத்தமானது. பங்குனி முதல் வைகாசி வரை உச்சிவெயில் நேராக விழும் மாடியில், 50 விழுக்காடு நிழல் தரும் பச்சை வலையைத் தலைக்கு மேலும் மேற்கிலும் கட்டினால் போதும். முழு நிழலில் செடி சாகாது. ஆனால் கொடிபோல நீண்டு, பூவைக் குறைத்துக்கொள்ளும்.

எந்தத் தொட்டி ஏற்றது?

மண்தொட்டியே முதல் தேர்வு. மண்பாண்டத் தொழிலுக்குப் பெயர்பெற்ற காருகுறிச்சி நமக்கு அருகிலேயே இருக்கும்போது பிளாஸ்டிக்கைத் தேடிப் போக வேண்டியதில்லை என்பது என் கருத்து. மண்தொட்டியின் சுவர் நீரைக் கசியவிடுவதால் வேர்ப்பகுதி சற்றுக் குளிர்ச்சியாக இருக்கும். அடைமழைக் காலத்தில் மிகுதி ஈரமும் விரைவில் வெளியேறும். ஒரு செடிக்கு 25 சென்டிமீட்டர் வாயும் அதே அளவு ஆழமும் போதுமானவை. அடியில் துளை இருக்கிறதா என்பதை வாங்கும்போதே பார்த்துக்கொள்ளுங்கள், துளையில்லாப் பானையை வீட்டில் துளைக்கப் போய் உடைத்தவர்கள் பலர்.

புதிய சிமெண்ட் தொட்டியானால் ஒரு வாரம் நீர் நிரப்பி, நாள்தோறும் நீரை மாற்றிய பிறகே மண் இட வேண்டும். சிமெண்டிலிருந்து கசியும் சுண்ணாம்பு தொடக்கத்தில் மண்ணின் காரத்தன்மையை உயர்த்திவிடும். கறுப்பு நிறப் பிளாஸ்டிக் தொட்டி மாடி வெயிலில் வேரை அவித்துவிடும் என்பதால் அதைத் தவிர்ப்பதே நல்லது. எந்தத் தொட்டியானாலும் காங்கிரீட் தளத்தில் நேராக வைக்காமல் இரண்டு செங்கல்மீது தூக்கி வையுங்கள். தளத்தின் சூடும் ஏறாது, அடித்துளையும் அடைபடாது.

மண் கலவையை எப்படித் தயாரிப்பது?

செம்மண் இரண்டு பங்கு, கழுவிய தென்னை நார்க்கழிவு ஒரு பங்கு, மக்கிய தொழுவுரமோ மண்புழு உரமோ ஒரு பங்கு, பருமணல் அரைப்பங்கு என்பது இங்கே நன்றாகவே ஒத்துவருகிறது. நார்க்கழிவைக் கட்டியாக வாங்கி ஊறவைத்து அப்படியே கலந்துவிடக் கூடாது; அதில் உப்பு தங்கியிருக்கும். இரண்டு, மூன்று முறை நல்ல நீரில் அலசிப் பிழிந்த பிறகே பயன்படுத்த வேண்டும். மணலுக்குப் பதில் எம்-சாண்ட் போடுவதானால் மாவுபோன்ற பொடியைச் சலித்து நீக்கிவிட்டுக் குருணையை மட்டும் சேர்க்கவும்.

எங்கள் வீட்டில் ஆழ்துளைக் கிணற்று நீர்தான். அதை ஊற்றலாமா?

இச்செடி திருநெல்வேலியில் தழைப்பதும் தேய்வதும் பெரும்பாலும் இந்தக் கேள்வியின் விடையில்தான் அடங்கியிருக்கிறது. உரத்தையும் பூச்சிமருந்தையும் மாற்றி மாற்றிப் பார்ப்பவர்கள் நீரைச் சோதிக்க மறந்துவிடுகிறார்கள். கெட்டிலின் அடியிலும் குளியலறைக் குழாயின் வாயிலும் வெள்ளைப் பொருக்குப் படிகிறதென்றால் அதே உப்பு தொட்டி மண்ணிலும் நாள்தோறும் சேர்ந்துகொண்டிருக்கிறது என்று பொருள். பாத்தியில் மழைநீர் அதைக் கீழே கரைத்துக்கொண்டு போய்விடும். தொட்டியில் போக்கிடம் இல்லாததால் ஆறே மாதத்தில் இலைநுனி கருகத் தொடங்கும்.

நீரில் கரைந்துள்ள உப்பின் அளவைக் காட்டும் டி.டி.எஸ். மீட்டர் கொண்டு நீரை அளந்து பாருங்கள். அளவு 500-க்குள் இருந்தால் கவலைப்பட வேண்டியதில்லை. 1000-ஐத் தாண்டினால் அந்த நீரை மட்டுமே நம்பித் தொட்டியில் இச்செடியை வளர்ப்பது கடினம். இடைப்பட்ட அளவில், வாரத்தில் இரண்டு நாளாவது மென்னீர் கொடுத்து ஈடுசெய்யலாம். மாதம் ஒருமுறை அடித்துளை வழியாக நீர் தாராளமாக வடியும்வரை மெதுவாக ஊற்றி மண்ணை அலசிவிடுவதும் அவசியம். அப்போது அடித்தட்டில் தேங்கும் நீரைக் கொட்டிவிட வேண்டும், மீண்டும் செடிக்கே ஊற்றக் கூடாது.

மென்னீருக்கு எங்கே போவது என்று கேட்பீர்கள். ஐப்பசி, கார்த்திகையில் மாடியிலிருந்து இறங்கும் மழைநீரை டிரம்மில் பிடித்து மூடிவைத்தால் சில தொட்டிகளுக்குத் தை, மாசி வரை வரும். ஏ.சி. இயந்திரத்திலிருந்து சொட்டும் நீரில் கனிமம் ஏறத்தாழ இல்லை. வாளி வைத்துப் பிடித்தால் கோடை முழுவதும் அது கைகொடுக்கும். தாமிரபரணியிலிருந்து வரும் குடிநீரும் ஆழ்துளை நீரைவிடப் பொதுவாக மென்மையானதுதான். ஆனால் குடிநீர் முறைவைத்து வரும் தெருக்களில் அதைச் செடிக்கு ஊற்றச் சொல்ல மனம் வரவில்லை.

ஆர்.ஓ. இயந்திரம் வெளியேற்றும் கழிவுநீரை வீணாக்காமல் செடிக்கு விடலாமே?

கூடாது. சுத்திகரிப்பில் பிரித்தெடுக்கப்பட்ட உப்பெல்லாம் அந்த நீரில்தான் செறிந்திருக்கிறது. வாசல் கழுவவும் கழிப்பறைக்கும் அதைப் பயன்படுத்துங்கள். அதுபோலவே, உப்புப் போட்டு இயக்கும் நீர் மென்மையாக்கும் கருவியிலிருந்து வரும் நீரில் சோடியம் மிகுந்திருப்பதால் அதுவும் செடிக்கு ஆகாது.

எத்தனை நாளைக்கு ஒருமுறை நீர் விட வேண்டும்?

நாள் கணக்கு வைத்துக்கொள்வதைவிட விரலை மண்ணுக்குள் ஓர் அங்குலம் செலுத்திப் பார்ப்பது மேலானது. உலர்ந்திருந்தால் நீர் விடுங்கள், ஈரமிருந்தால் விட வேண்டாம். நடைமுறையில் கோடையில் தொட்டிக்கு நாள்தோறும் காலையிலும், சிறு தொட்டியானால் மாலையில் மீண்டும் ஒருமுறையும் தேவைப்படும். பாத்தியில் வேரூன்றிய செடிக்கு மூன்று நாளுக்கு ஒருமுறை ஆழமாக விட்டால் போதும். இச்செடியின் வேர் மெல்லியதாகவும் மேலாகவும் பரவுவதால் ஒருமுறை முற்றாகக் காய்ந்தாலும் இலை உதிர்ந்து, மீண்டும் மூடுவதற்கு வாரக் கணக்காகும்.

ஆனி முதல் ஆவணி வரை தனிக் கவனம் தேவை. கயத்தாறுப் பக்கம் காற்றாலைகளைச் சுழற்றும் அதே மேல்காற்று, வெயில் குறைந்த நாளிலும் இலையின் ஈரத்தை உறிஞ்சிவிடும். தென்காசி, செங்கோட்டைப் பக்கத்தில் குற்றாலச் சாரலால் மண் ஈரமாக இருக்கும்போதே பாளையங்கோட்டை மாடியில் அதே செடி வாடிக் கிடப்பதன் காரணம் இதுதான். இம்மாதங்களில் தொட்டிகளைக் கைப்பிடிச் சுவருக்குள் ஒன்றையொன்று ஒட்டி அடுக்கி வைப்பது உதவும்.

எங்கள் நிலம் கரிசல். பாத்தியில் நடலாமா?

நடலாம், ஆனால் நிலமட்டத்தில் அல்ல. கரிசல் மண் மழையில் ஊதி நீரைப் பிடித்துக்கொள்ளும், கோடையில் வெடித்து வேரை அறுக்கும். அதில் கொஞ்சம் மணலைக் கலப்பதால் பயனில்லை. இறுகல் கூடுவதும் உண்டு. செங்கல்லைச் சுற்றி அடுக்கி, 25 அல்லது 30 சென்டிமீட்டர் உயரத்துக்குத் தொட்டிக்குச் சொன்ன கலவையையே நிரப்பி மேட்டுப் பாத்தியாக அமைத்துக்கொள்ளுங்கள். பாத்தி ஓரச் செங்கலுக்குச் சுண்ணாம்பு அடிக்கும் பழக்கம் நம் ஊரில் உண்டு. பார்வைக்கு அழகுதான் என்றாலும், மழையில் கரையும் சுண்ணாம்பு நேராக இச்செடியின் வேருக்குப் போய்ச் சேரும். புதிதாகப் பூசிய சுவரை ஒட்டி நடும்போதும் அங்கே புதைந்து கிடக்கும் சிமெண்டுக் கட்டிகளைத் தோண்டி எடுத்துவிட வேண்டும்.

செம்மண் நிலத்தில் ஓரடி ஆழம் கொத்திவிட்டு, மக்கிய எருவைக் கலந்தால் போதும். ஆற்று வண்டல் கிடைப்பவர்களுக்குச் சொல்ல வேண்டியதே இல்லை. திசையன்விளை, சாத்தான்குளம் பக்கத்துத் தேரி மணலில் வடிகால் சிக்கல் கிடையாது. மாறாக நீரும் சத்தும் நிற்பதே இல்லை. அங்கே குழியின் பாதியளவுக்கு எருவும் நார்க்கழிவும் சேர்த்து, மேலே காய்ந்த இலைதழையால் இரண்டு அங்குல மூடாக்குப் போடுவது அவசியம்.

எந்த மாதத்தில், எவ்வளவு இடைவெளியில் நடுவது?

தொட்டியில் பங்குனி, சித்திரை, வைகாசி தவிர்த்து எப்போது வேண்டுமானாலும் நடலாம். பாத்திக்குப் புரட்டாசியே சிறந்தது. வடகிழக்குப் பருவமழைக்கு முன்பே வேர் பிடித்துக்கொள்ளும். அதைத் தவறவிட்டால் தை. நடைபாதை ஓரத்தில் வரிசையாக அடர்ந்து நிற்க வேண்டுமானால் செடிக்குச் செடி 30 சென்டிமீட்டர், தனித்தனிப் புதராக வேண்டுமானால் 60 சென்டிமீட்டர் இடைவெளி விடவும். செடி பொதுவாக 30 முதல் 60 சென்டிமீட்டர் உயரம் வளரும்.

என்ன உரம் இடலாம்?

மாதம் ஒரு பிடி மண்புழு உரம், மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஒரு தேக்கரண்டி வேப்பம் புண்ணாக்கு. யூரியாவைத் தொடவே வேண்டாம், இலைதான் பெருகும். அடுப்புச் சாம்பல் காரத்தன்மை உடையது என்பதால் கடினநீர் விடும் தொட்டிகளுக்கு அதையும் தவிர்க்கவும்.

இளம் இலைகள் மஞ்சளாகி, நரம்பு மட்டும் பச்சையாக இருக்கிறது. இது என்ன நோய்?

பெரும்பாலும் நோயன்று, இரும்புச் சத்துக் குறைபாடு. மண்ணில் இரும்பு இருந்தாலும், கடினநீரால் காரம் ஏறிய மண்ணிலிருந்து வேரால் அதை எடுக்க முடிவதில்லை. நாட்டுமருந்துக் கடையிலும் உரக்கடையிலும் கிடைக்கும் அன்னபேதி, அதாவது இரும்பு சல்பேட், லிட்டருக்கு 3 முதல் 5 கிராம் என்ற அளவில் மழைநீரில் கரைத்து, சில துளி எலுமிச்சைச் சாறு சேர்த்து வடிகட்டி, மாலை வேளையில் இலைமீது தெளியுங்கள். பத்து நாள் இடைவெளியில் இரண்டு முறை தெளித்தால் புதுத் தளிர் பச்சையாக வரும். கரைசலை உடனே பயன்படுத்திவிட வேண்டும். தரையிலும் சுவரிலும் பட்டால் துருக்கறை போகாது. நீரை மாற்றாதவரை மஞ்சள் திரும்பத் திரும்ப வரும் என்பதையும் நினைவில் கொள்க.

அடி இலைகள் மஞ்சளாகி, மண்ணும் எப்போதும் ஈரமாக இருந்தால் கதை வேறு. அது வேரழுகலின் அறிகுறி. கார்த்திகை மழையில் இதுவே மிகுதி. தொட்டியைச் சாய்த்து நீரை வடித்து, அடித்துளையைக் குச்சியால் குத்திவிட்டு, மழைபடாத இடத்துக்கு மாற்றவும்.

எப்போது கத்தரிக்க வேண்டும்?

ஆண்டுக்கு இரண்டு முறை, புரட்டாசித் தொடக்கத்திலும் மாசியிலும், செடியின் உயரத்தில் மூன்றில் ஒரு பங்கைச் சீராக வெட்டிவிடலாம். ஐரோப்பிய ஹெதர் பற்றிய குறிப்புகளில் பழைய தண்டுவரை வெட்டக் கூடாது என்று எச்சரித்திருப்பார்கள். இலையற்ற பழந்தண்டிலிருந்து அது துளிர்க்காது. மெக்சிகன் ஹெதருக்கு அந்த அச்சம் அவ்வளவு இல்லை, ஆழமாக வெட்டினாலும் துளிர்க்கும். எனினும் சித்திரை வெயிலில் வெட்டக் கூடாது.

வீட்டிலேயே புதுச் செடி உண்டாக்க முடியுமா?

முடியும், அதுவும் எளிதாக. கத்தரித்தபோது கிடைத்த கிளைகளில் பூவில்லாத இளம் நுனியை 7 முதல் 10 சென்டிமீட்டர் நீளத்துக்கு வெட்டி, அடிப்பாதி இலைகளை உருவிவிட்டு, நார்க்கழிவும் மணலும் சமமாகக் கலந்த தட்டில் நட்டு நிழலில் வைக்கவும். மேலே ஒளி புகும் பிளாஸ்டிக் உறையைத் தளர்வாக மூடினால் ஈரம் நிற்கும். மூன்று, நான்கு வாரத்தில் வேர் பிடிக்கும்.

பூச்சித் தொல்லை உண்டா?

குறைவுதான். கோடையில் இலையின் அடியில் செம்பேன் சேர்ந்து இலை சாம்பல் பூத்தாற்போல் ஆகும். காலையில் இலையின் அடிப்புறம் நனையுமாறு வேகமாக நீர் பீய்ச்சினாலே பெரும்பகுதி போய்விடும். மாவுப்பூச்சிக்கும் அசுவினிக்கும், லிட்டர் நீருக்கு 5 மில்லி வேப்பெண்ணெயைச் சிறிது காதி சோப்புக் கரைசலுடன் கலந்து வெயில் தாழ்ந்த பின் தெளிக்கலாம். தேனீயும் வண்ணத்துப்பூச்சியும் இப்பூக்களை நாடி வருவதால் வீரியமிக்க மருந்துகளை அடிக்காமலிருப்பது நல்லது.

இந்தப் பூவைச் சரமாகத் தொடுக்கலாமா?

முடியாது. காம்பு மிகச் சிறியது, மணமும் இல்லை. பிச்சிக்கும் மல்லிகைக்கும் இது மாற்றாகாது.

நடாத இடங்களிலும் தானாக முளைக்கிறதே, இதனால் தீங்கு உண்டா?

விதை உதிர்ந்து ஈரமான இடங்களில் முளைப்பது இச்செடியின் இயல்பு. ஹவாய்த் தீவுகளிலும் ஆஸ்திரேலியாவின் சில பகுதிகளிலும் இது தோட்டத்தைத் தாண்டிப் பரவிய களையாகக் கருதப்படுகிறது. பாளையங்கோட்டைத் தெருவொன்றின் மாடியில் இதனால் சிக்கல் ஏதுமில்லை. ஆனால் பாபநாசம், மணிமுத்தாறு, களக்காடு எனக் காட்டை ஒட்டி வாழ்பவர்கள் இதை ஓடைக்கரையிலோ வாய்க்கால் ஓரத்திலோ நடக் கூடாது என்றே வலியுறுத்துவேன். களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகத்தின் நீரோடைகள் இதற்கு மிகவும் பிடித்துப்போகக்கூடிய ஈரமும் நிழலும் கொண்டவை. அப்பகுதியில் தொட்டியோடு நிறுத்திக்கொண்டு, பூ முடிந்த கிளைகளை விதை முற்றுவதற்குள் வெட்டி வீட்டிலேயே மக்கவிடுங்கள்.

ஒரு செடி எத்தனை ஆண்டு இருக்கும்? பழைய தொட்டி மண்ணை மீண்டும் பயன்படுத்தலாமா?

மூன்று, நான்கு ஆண்டுகளில் அடித்தண்டு விறகாகி நடுப்பகுதி வெறுமையாகிவிடும். அதற்கு முந்திய ஆண்டே குச்சி வைத்துக் கன்று உண்டாக்கிக்கொண்டால் இடம் காலியாக இருக்காது. பழைய தொட்டி மண்ணில் உப்பு ஏறியிருக்கும் என்பதால் அதை அப்படியே புதுக் கன்றுக்கு இடாமல், மழைக்காலத்தில் துளையுள்ள சாக்கில் கொட்டி வெட்டவெளியில் வைத்துவிடுங்கள். ஒரு பருவமழையில் நனைந்து அலசப்பட்ட பின், பாதிக்குப் பாதி புதுக் கலவையோடு சேர்த்துப் பயன்படுத்தலாம். மண்தொட்டியின் வெளிப்புறத்தில் படிந்த வெள்ளைப் பொருக்கைப் புளி கரைத்த நீர் தடவித் தென்னை நாரால் தேய்த்து, நன்றாக அலசி வெயிலில் காயவைத்த பிறகு அடுத்த கன்றை நடலாம்.